சுருளைப் பார்த்த ஆறு பேர்

தொலைநோக்கியை உங்கள் பொறுப்பில் விடும்போது கூடவே ஒரு பதிவேட்டையும் கொடுப்பார்கள். சிவப்புத் துணி ஒட்டிய நீளப் பதிவேடு. தேதி, நேரம், வானத்தின் நிலை, பார்த்தது, பார்த்தவர் கையொப்பம் என்று ஐந்து பத்திகள். இந்த ஆண்டு புதிதாக விஞ்ஞான ஆசிரியர்களாக வந்திருக்கும் உங்களுக்கு அந்த நான்காவது பத்தியைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

நான் ஓய்வு பெற்று எட்டு மாதம் ஆகிறது. வேலையில் இருந்த முப்பத்திரண்டு ஆண்டுகளில் நாட்குறிப்பு எழுதாமல் படுத்த நாள் கிடையாது. கீழே வரும் நேரங்களும் பேச்சுகளும் அன்றன்று எழுதி வைத்தவை. இதை எழுதும்போதும் நாட்குறிப்பு பக்கத்தில் திறந்தே இருக்கிறது.

புதுக்கோட்டைச் சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்து ஏழெட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. குன்றாண்டார்கோவிலுக்குப் பக்கத்தில் ஓர் ஊரில் எங்கள் உயர்நிலைப் பள்ளி. ஊரைவிட்டுப் போன ஒரு பொறியாளர் தம்முடைய நான்கு அங்குலத் தொலைநோக்கியைப் பள்ளிக்குக் கொடுத்துவிட்டுப் போனார். பித்தளைக் குழாய், மூன்று மரக் கால்கள். அதைப் பயன்படுத்தத் தெரிந்தவன் நான் ஒருவன்தான் என்பதால் அது என் பொறுப்பில் வந்தது.

முதல் நாளே அது ஒரு சிரிப்பை உண்டாக்கியது. சாயங்கால வெளிச்சத்தில் தூரத்து மாதாகோவில் கோபுரத்துக்கு நேராக அதை நிறுத்தினேன். எட்டிப் பார்த்த பள்ளிக் காவல்காரர் பின்வாங்கி நின்று, "என்னங்க சார், கோயிலைக் கவுத்துப்புட்டீங்க" என்றார். வானத்துக்கென்று செய்த தொலைநோக்கிகள் எதையும் தலைகீழாகத்தான் காட்டும். மேலே இருப்பது கீழே, இடப்பக்கம் இருப்பது வலப்பக்கம். நட்சத்திரத்துக்கு மேலென்ன கீழென்ன என்று அதைத் திருப்பிக் காட்டும் கண்ணாடியைச் சேர்ப்பதில்லை. இது உங்களுக்குத் தெரிந்ததுதான். எனக்கும் தெரிந்ததுதான்.

ஆனி மாதம் இரவு எட்டு மணிக்கு வடக்கே பார்த்தால் சப்தரிஷி மண்டலம் உயரத்தில் நிற்கும். அதன் வால்பக்கத்தில் கடைசி நட்சத்திரம் மரீசி, அதற்கு முந்தியது வசிட்டர். வசிட்டருக்குப் பக்கத்தில் ஒட்டியிருக்கும் சின்னப் பொட்டு அருந்ததி. வசிட்டரையும் மரீசியையும் இரண்டு மூலைகளாக வைத்து ஒரு சமபக்க முக்கோணம் போட்டால் மூன்றாவது மூலையில் வெறும் கண்ணுக்கு ஒன்றும் இருக்காது. அங்கேதான் அந்தச் சுருள் இருக்கிறது. நம் பால்வீதியைப் போல இன்னொரு நட்சத்திரக் கூட்டம். நீங்கள் கேலக்ஸி என்கிறீர்கள். நாங்கள் சுருள் நெபுலா என்று படித்தவர்கள்.

என்னிடம் ஒரு வானநூல் புத்தகம் இருந்தது. அதில் இந்தச் சுருளின் புகைப்படம் ஒரு முழுப் பக்கத்தில் இருந்தது. பெரிய ஆய்வுக்கூடத்தில் மணிக்கணக்கில் ஒளியைச் சேர்த்து எடுத்த படம். நம் வடக்கு வானத்தில் அது எப்படி நிற்குமோ அப்படியே நேராக அச்சிட்டிருந்தார்கள். சுற்றிலும் சின்ன நட்சத்திரங்கள், நடுவில் ஒரு வெளிச்சம், அதிலிருந்து பிரிந்து சுற்றும் கரங்கள். கரங்களில் ஒன்று மட்டும் மற்றவற்றைவிட நீண்டு, வலது பக்கம் கீழே ஒதுங்கிப் போகும். அந்த நீண்ட கரத்தை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

பொறுப்பேற்ற ஆண்டின் ஜூன் மாதத்தில் ஒரு நாள் இரவு நாற்பது நிமிடம் அந்த மூலையைப் பார்த்தேன். முதல் கால் மணி நேரம் நான்கு சின்ன நட்சத்திரங்கள் மட்டும் தெரிந்தன. பிறகு நடுவில் ஏதோ மங்கலாக இருப்பதுபோல இருந்தது. நேராகப் பார்க்காமல் கொஞ்சம் ஓரமாகப் பார்த்தேன். அது விரிந்தது. கரங்கள் பிரிந்தன. ஒன்று நீண்டது. எனக்கு மூச்சு நின்றுவிட்டது. உள்ளே போய் அரிக்கன் விளக்கில் பதிவேட்டில் படமாக வரைந்தேன். நான்கு நட்சத்திரங்களையும் குறித்தேன். 'சுருள் கரங்கள் தெளிவாகத் தெரிந்தன' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

அதை எழுதும்போது என் மனதில் ஒரு துளிப் பொய் கிடையாது. இதை நீங்கள் நம்ப வேண்டும். மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான்.

மறு ஆண்டு ஜூனில் கல்வி அதிகாரி பள்ளியைப் பார்வையிட வந்தார். வயதானவர், மெதுவாகப் பேசுகிறவர். எங்கள் தலைமையாசிரியர் என் படத்தைக் காட்டி, "நாலு அங்குலக் குழாயில சுருளையே புடிச்சுட்டாருங்க இவரு" என்று பெருமையாகச் சொன்னார். அதிகாரி தாமும் பார்க்க வேண்டும் என்று அந்த ஞாயிற்றுக்கிழமை இரவு மறுபடி வந்தார். அன்று வானம் சுத்தமாக இருந்தது. எட்டு மணிக்கு விளையாட்டு மைதானத்தில் நாங்கள் ஆறு பேர் நின்றோம். அதிகாரி, தலைமையாசிரியர், தமிழாசிரியர், டிரில் மாஸ்டர், நான், சவரிமுத்து.

சவரிமுத்து எனக்கு அடுத்த விஞ்ஞான ஆசிரியர். ஆவூர்ப் பக்கத்து கத்தோலிக்கக் குடும்பம். அந்தக் குடும்பத்தில் கல்லூரிக்குப் போன முதல் ஆள். வேலையில் சேர்ந்து இரண்டு ஆண்டு முடியப் போகிறது. அந்த மாதம் தலைமையாசிரியர் பரிந்துரைத்து அதிகாரி கையெழுத்துப் போட்டால் வேலை நிரந்தரம். இல்லையென்றால் வீட்டுக்குப் போக வேண்டும். ஒரு கைக்குழந்தை, மனைவி, தாயார் மூவரும் அந்த வேலையை நம்பி இருந்தார்கள். கட்டுமாவடியில் கருவாட்டு மண்டி வைத்திருந்த மாமனார், மாப்பிள்ளை வாத்தியார் உத்தியோகத்துக்குப் போனதையே விரும்பாதவர். "என் மாமனாரு எனக்குன்னு ஒரு தராசைத் தொடைச்சு வச்சிருக்காரு சார். எப்ப வாரீகன்னு மாசம் ஒரு கடுதாசி" என்று சவரிமுத்தே சிரித்துக்கொண்டு சொல்வார்.

நான் குழாயைத் திருப்பிச் சரியான இடத்தில் நிறுத்தினேன். பிறகு ஒரு தவறு செய்தேன். அதிகாரி குனிவதற்கு முன்பே அவர் என்ன பார்க்கப் போகிறார் என்று சொல்லிவிட்டேன். "நடுவுல புகை மாதிரி இருக்கும். ஓரக்கண்ணால பாத்தீங்கன்னா கை கையாப் பிரியும். நீளமான கை ஒண்ணு வலது பக்கம் கீழ இருக்கும்." உபசாரம் என்று நினைத்துத்தான் சொன்னேன்.

அதிகாரி குனிந்தார். பத்து விநாடி இருக்கும்.

"தெரியுதுங்களா?" என்று கேட்டேன்.

"அற்புதம்!" என்று நிமிர்ந்தார்.

அடுத்து தலைமையாசிரியர். "அடேயப்பா, அப்படியே படத்துல உள்ள மாதிரி" என்றார். தமிழாசிரியர் பார்த்துவிட்டு, "நடராசப் பெருமான் சடை விரிச்ச மாதிரியில்ல இருக்கு" என்று கைகூப்பினார். டிரில் மாஸ்டர் கண்ணைப் பக்கத்தில் கொண்டுபோவதற்குள் "இருக்கு சார், இருக்கு" என்றுவிட்டார்.

கடைசியாக சவரிமுத்து குனிந்தார். எழவில்லை. கடிகாரத்தைப் பார்த்தேன். பதினொரு நிமிடம். கொசு வேறு.

"என்னய்யா, குழாய்க்குள்ளயே குடி போயிட்டீரா?" என்றார் தலைமையாசிரியர்.

சவரிமுத்து நிமிர்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நாலு நட்சத்திரம் தெரியுதுங்க. நடுவுல லேசா வெளுப்பு மாதிரி… அது இருக்குன்னும் சொல்ல முடியலீங்க, இல்லைன்னும் சொல்ல முடியலீங்க. சுருள் தெரியலீங்க."

"நாங்க அஞ்சு பேரு பாத்தோமே?"

"எனக்குத் தெரியலீங்க சார்."

தமிழாசிரியர் சூழலை இலேசாக்க நினைத்தார். "ஏம்ப்பா, ஒன் கல்யாணத்துல அருந்ததி பாத்தியா இல்லையா?"

இந்தப் பக்கத்தில் கல்யாணத்தன்று மாப்பிள்ளையும் பெண்ணும் அருந்ததி பார்க்க வேண்டும். முகூர்த்தமோ காலை ஒன்பது மணிக்கு. வாசலில் நின்று, வெயில் அடிக்கும் வானத்தைக் காட்டி, "தெரியுதா?" என்பார்கள். "தெரியுது" என்று சொல்ல வேண்டும். அண்ணாந்து பார்த்து இல்லை என்று சொன்ன மாப்பிள்ளை எவனும் இல்லை. நானும் சொன்னதில்லை.

சவரிமுத்து சொன்னார்: "எங்க கல்யாணம் சர்ச்சுல நடந்துச்சுங்க ஐயா. அங்க அதெல்லாம் காட்ட மாட்டாங்க. அதான் பழக்கமில்லாமப் போச்சு."

எல்லோரும் சிரித்தோம். அதிகாரி மட்டும் சிரிக்கவில்லை. 'சுருள் தெளிவாகத் தெரிந்தது' என்று பதிவேட்டில் எழுதிக் கையெழுத்திட்டுவிட்டு வண்டி ஏறினார். மற்ற மூவரும் அதன் கீழே 'மேற்படி' என்று எழுதினார்கள். சவரிமுத்து தம் வரிசையில், 'நான்கு நட்சத்திரங்கள் தெரிந்தன. சுருள் தெரியவில்லை' என்று எழுதினார்.

மறுநாள் திங்கட்கிழமை. பதிவேட்டைப் பார்த்த தலைமையாசிரியர் என்னைக் கூப்பிட்டார். முகம் கறுத்திருந்தது.

"மேல அதிகாரி தெரிஞ்சுதுன்னு எழுதியிருக்காரு. கீழ இவரு தெரியலைங்கிறாரு. அப்ப அதிகாரி பொய் சொன்னாருன்னு அர்த்தமா? நாளைக்கு இந்தப் புஸ்தகம் அவரு மேசைக்குப் போகுமே! அந்த வரியை மாத்தச் சொல்லுங்க. இல்லாட்டி நான் நிரந்தரத்துக்கு எழுத மாட்டேன்."

நான் போய்ச் சொன்னேன். இதை மறைக்காமல் எழுதுகிறேன். "ஒரு வார்த்தைதானே சவரிமுத்து. 'தெரியவில்லை'ங்கிறதை 'மங்கலாகத் தெரிந்தது'ன்னு மாத்திட்டாப் போதும்" என்று சொன்னவன் நான்தான்.

"தெரிஞ்சா எழுதிருவேனேங்க சார்" என்றார் அவர். "பாக்காம எழுதுன பயலுக்கு நோட்டுல சைபர் போடுறோம்லங்க. எனக்கு நானே போட்டுக்கவா?"

"வேலை போயிரும்ப்பா."

"தெரியுதுங்க. அது மட்டும் நல்லாத் தெரியுது."

அவர் சிரிக்க முயன்றார். வரவில்லை.

செவ்வாய்க்கிழமை தலைமையாசிரியர் என்னிடம் ஒரு சான்று கேட்டார். சவரிமுத்து கவனமில்லாமல் பார்த்தார், அந்தத் தொலைநோக்கியில் சுருள் தெரியத்தான் செய்கிறது என்று நான் எழுதித் தர வேண்டும். ஒரு நிமிடம் தயங்கினேன். எழுதித் தந்தேன். நான் பார்த்தது உண்மை, அவர் பார்க்காதது அவர் குறை என்றே நம்பினேன். நேர்மையானவனாக இருந்தே அதைச் செய்தேன். இன்றைக்கும் என்னை அதிர வைப்பது அதுதான். பொய் சொல்லுகிறவனுக்காவது தான் செய்வது தெரியும்.

சான்று புதன்கிழமை தபாலில் போயிற்று. என் படத்தின் நகல் ஒன்றையும் வெள்ளிக்கிழமை அனுப்பச் சொன்னார் தலைமையாசிரியர்.

வெள்ளிக்கிழமை காலை ஆறரை மணிக்கு, பதிவேட்டின் மேல் மெல்லிய தாளை வைத்து என் படத்தை அப்படியே எடுத்தேன். நட்சத்திரங்கள் நான்கும், சுருளும், நீண்ட கரமும். எதையும் சரிபார்க்காமல் அனுப்பும் வழக்கம் எனக்கு இல்லை. அந்தத் தாளைக் கொண்டுபோய்ப் புத்தகத்துப் புகைப்படத்தின் மேல் வைத்தேன்.

பொருந்தியது. சுருள் சுருளின் மேல் உட்கார்ந்தது. அளவுகூட ஏறக்குறைய அதே அளவு. நீண்ட கரம் நீண்ட கரத்தின் மேல், வலது பக்கம் கீழே. என்ன கண் எனக்கு என்று ஒரு கணம் பூரித்துப்போனேன்.

அப்புறம் நட்சத்திரங்களைப் பார்த்தேன். நான்கில் ஒன்றுகூடப் பொருந்தவில்லை.

கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு மறுபடியும் பார்த்தேன். இல்லை. தாளை அப்படியே தலைகீழாகத் திருப்பி வைத்தேன். நான்கு நட்சத்திரங்களும் தத்தம் இடத்தில் போய் உட்கார்ந்தன. இப்போது சுருள் பொருந்தவில்லை. நீண்ட கரம் எதிர்ப்பக்கம் போய்விட்டது.

எவ்வளவு நேரம் அப்படியே இருந்தேனோ, அதை மட்டும் நாட்குறிப்பில் எழுதவில்லை. காபி ஆறி ஆடை கட்டியிருந்தது. தொலைநோக்கி எல்லாவற்றையும் தலைகீழாகக் காட்டும். நட்சத்திரங்களைத் தலைகீழாக வரைந்திருக்கிறேன். ஆகவே அவற்றை நான் பார்த்திருக்கிறேன். சுருளை நேராக வரைந்திருக்கிறேன். தொலைநோக்கியில் அது நேராகத் தெரியவே முடியாது. மேலே இடப்பக்கம் தெரிய வேண்டிய கரத்தைக் கீழே வலப்பக்கம் பார்த்திருக்கிறேன், புத்தகத்தில் இருப்பதுபோல. நான் கண்ணால் பார்த்தது நான்கு நட்சத்திரங்களை மட்டும். சவரிமுத்து பார்த்த அதே நான்கு.

ஆனால் அந்த இரவு கரங்கள் பிரிந்ததை நான் பார்த்தேனே! மூச்சு நின்றதே! அதை நினைத்தால் இப்போதும் அது எனக்குத் தெரிகிறது. பார்க்காத ஒன்றைப் பார்த்த ஞாபகம் ஓர் ஆண்டாக எனக்குள் உண்மையாகவே இருந்திருக்கிறது. ஏதோ பேயை வீட்டில் வைத்து ஓர் ஆண்டு சோறு போட்டதுபோல இருந்தது.

மேசையில் பிளேடு இருந்தது. நகலில் சுருளைச் சுரண்டிவிட்டுத் திருப்பி வரைந்துவிட்டால் யாருக்கும் தெரியாது. பிளேடைக் கையில் எடுத்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். எடுத்தேன், வைத்தேன்.

ஏழரைக்குத் தலைமையாசிரியர் வீட்டில் இருந்தேன். தாளையும் புத்தகத்தையும் வைத்து அவருக்குக் காட்டினேன். அவர் புத்திசாலி. இரண்டாவது தடவை திருப்பியதுமே புரிந்துகொண்டார்.

"அப்ப நீங்க பாக்கலை."

"பாக்கலீங்க."

"நீங்க பாக்கலைன்னா போகட்டும். நான் பாத்தேனே!"

"நீளக் கை எந்தப் பக்கம் இருந்துச்சுங்க?"

"வலது பக்கம், கீ…" என்றவர் அதோடு நின்றுவிட்டார். நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க சொன்னீங்கய்யா" என்றார். பிறகு குரலை இறக்கி, "இதை யாருக்கும் காட்டாதீங்க. கவரை ஒட்டிருங்க" என்றார்.

"சவரிமுத்துக்கு வேலை போயிரும்ங்க."

"அது என் பாடு. நான் பாத்துக்கிறேன்."

நான் அதை நம்பவில்லை. எட்டு நாற்பது பஸ்ஸில் புதுக்கோட்டைக்குப் போனேன். அவர் எப்படிப் பார்த்துக்கொள்வார் என்று அந்தப் பஸ்ஸில் ஒரு தடவை யோசித்திருந்தாலும் போதும். பாதி வழியில் இறங்கித் திரும்பி நடந்திருப்பேன். யோசிக்கவில்லை. என் வெட்கம் ஒன்றுதான் எனக்குப் பெரிதாக இருந்தது.

அதிகாரி வல்லத்திராக்கோட்டைப் பக்கம் பள்ளிகளைப் பார்க்கப் போயிருந்தார். மறுநாள்தான் வருவார் என்றார்கள். என் ஒன்றுவிட்ட தம்பி வீட்டில் தங்கினேன். சனிக்கிழமை பத்தரைக்கு அதிகாரியின் முன் நின்றேன்.

முதலில் அவர் என்னை உட்காரச் சொல்லவில்லை. "ஒங்க சான்று வந்துச்சு. ஆர்டர் டைப் ஆயிருச்சு" என்று ஒரு தாளைத் தட்டிக் காட்டினார். சவரிமுத்துவின் பணியை அந்த மாதத்தோடு முடிக்கும் உத்தரவு. கையெழுத்துதான் பாக்கி. நான் தாளையும் புத்தகத்தையும் விரித்தேன். ஒரு தடவை நேராக, ஒரு தடவை தலைகீழாக.

அவர் நெடுநேரம் அதைப் பார்த்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

"இந்த வலது கண்ணைப் பாருங்க" என்றார்.

பார்த்தேன். கருவிழியில் பால் விட்டதுபோல இருந்தது.

"புரை. ரெண்டு வருஷமா இந்தக் கண்ல வெளிச்சம் தெரியும், வேற ஒண்ணும் தெரியாது. அன்னைக்குக் குனிஞ்சதும் பழக்கதோசத்துல இந்தக் கண்ணுதான் போச்சு. மாத்தி வச்சுப் பாக்கலாம்னு நெனைக்கிறதுக்குள்ள நீங்க தெரியுதுங்களான்னு கேட்டுட்டீங்க. எல்லாரும் நிக்கிறாங்க. தெரியுதுன்னுட்டேன்."

எதிரில் கிடந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். அவர் அனுமதிக்காகக் காத்திருக்கக்கூட இல்லை.

அந்தக் கண்ணை நம்பித் தலைமையாசிரியர் பார்த்தார். தலைமையாசிரியரை நம்பித் தமிழாசிரியர் பார்த்தார். எல்லோருக்கும் முன்னால் என்னை நம்பி அந்தக் கண். நான் நம்பியதோ அச்சடித்த ஒரு படத்தை.

"எழுதிக் குடுங்க" என்று வெள்ளைத்தாளை நகர்த்தினார். 'பார்வைப் பிழை நேர்ந்திருக்கலாம் என்று கருதுகிறேன்' என்று எழுதினேன். வாசித்துவிட்டு, "யாரு பிழை பண்ணினதுன்னே இதுல இல்லையே" என்றார். மறுபடி எழுதினேன். மூன்றாவது தடவை நான்கு வரி வந்தது. அந்தத் தொலைநோக்கியில் சுருள் கரங்கள் தெரிவதில்லை, பார்க்காததைப் பார்த்ததாக நான் எழுதினேன், என் சான்று தவறு, சவரிமுத்து எழுதியது சரி. இருபது நிமிடம் ஆகியிருந்தது. அந்த நான்கு வரியும் என் பணிப்பதிவேட்டில் சேர்ந்தன. அதனால் எனக்கு வராமல் போனதைப் பற்றி இங்கே எழுத ஒன்றுமில்லை.

அதிகாரி டைப் செய்த தாளைக் கிழித்தார். நிரந்தரம் செய்யும் உத்தரவைத் தம் கையாலேயே எழுதினார். அதில், 'கண்டதை மட்டும் எழுதிய நேர்மைக்காக' என்று ஒரு வரி சேர்த்தார். எழுதும்போது இடது கண்ணால்தான் பார்த்தார்.

நான்கு மணி பஸ்ஸில் ஊர் திரும்பி நேரே சவரிமுத்து வீட்டுக்குப் போனேன். வாசலில் குழந்தையைத் தோளில் போட்டு நின்றுகொண்டிருந்தார். அந்த வாரம் முழுவதும் நான் பார்க்காத தெளிவு அவர் முகத்தில் இருந்தது.

"வாங்க சார், வாங்க. ஒங்களைத்தான் தேடுனேன். ரெண்டு நாளா எங்கிட்டுப் போனீங்க?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் அவரே சொன்னார்: "மாத்தி எழுதிட்டேங்க சார்."

"எதை?"

"பதிவேட்டுலதாங்க. தெரிஞ்சுச்சுன்னு."

"எட்மாஸ்டர் மிரட்டுனாரா?"

"இல்லீங்க. நேத்து ராத்திரி கூப்பிட்டாரு. கோவமே படல. ஒங்க படத்தைக் குடுத்து, 'இதை நல்லாப் பாத்துக்கிட்டு, பொறுமையா இன்னொரு தடவை பாருமய்யா, ஒம் புள்ளைக்காவ பாரும்'னாரு. நீங்க காட்டிக் குடுத்த மாதிரியே குழாயை நிறுத்தி ஒரு மணி நேரம் பாத்தேங்க. மொதல்ல ஒண்ணும் இல்லைங்க. அப்புறம், நீங்க சொன்னீங்கள்ல, ஓரக்கண்ணால… பிரிஞ்சுச்சுங்க சார். நெசமாப் பிரிஞ்சுச்சு. எனக்கு அழுகையே வந்துருச்சு."

அவர் முகத்தைப் பார்த்தேன். வேலை போய்விடும் என்று பயந்து பொய் சொல்லும் மனிதனின் முகத்தை நான் எதிர்பார்த்தேன். அப்படி இருந்திருந்தால் எவ்வளவோ ஆறுதலாக இருந்திருக்கும்.

"நீளக் கை?" என்றேன்.

"வலது பக்கங்க. கீழ."

அதிகாரியின் உத்தரவையும் என் நான்கு வரியின் நகலையும் எடுத்துக் கொடுத்தேன். குழந்தையை மனைவியிடம் கொடுத்துவிட்டு வாசித்தார். நிரந்தரம் என்ற இடத்தில் கண்ணை மூடிச் சிலுவை போட்டுக்கொண்டார். அடுத்த தாளுக்குப் போனார். ஒரு தடவை வாசித்தார். திரும்ப மேலிருந்து வாசித்தார்.

"அப்ப நான் நேத்துப் பாத்தது என்னங்க சார்?"

வெள்ளிக்கிழமை காலையிலிருந்து நடந்ததையெல்லாம் சொன்னேன். மெல்லிய தாளை, நட்சத்திரங்களை, தலைகீழை. தலையை ஆட்டிக் கேட்டார். புரிந்துகொண்டார். ஆனாலும் அவர் பார்வை அடிக்கடி வடக்குப் பக்கம் போயிற்று. அங்கே இன்னும் வெளிச்சம் குறையவில்லை.

இளைய நண்பர்களே, பார்க்க வருகிறவர் குனிவதற்கு முன்னால் ஒரு வார்த்தையும் சொல்லாதீர்கள். குனிந்தபின் 'தெரியுதா' என்று கேட்காதீர்கள். 'என்ன தெரியுது' என்று கேளுங்கள், கேட்டுவிட்டுச் சும்மா இருங்கள். ஒருவருக்கு எதுவும் தெரியவில்லை என்றால் அவரை முதலில் எழுதவிட்டு, அதைப் பூட்டி வையுங்கள். இதை நான் கற்றுக்கொண்டபோது, என்னோடு வேலை பார்த்தவர்களில் மிக நல்ல கண் கெட்டுப்போயிருந்தது.

அன்று மாலையே இருவரும் பள்ளிக்குப் போனோம். சவரிமுத்து பதிவேட்டை விரித்தார். ஞாயிற்றுக்கிழமை எழுதிய வரி ஒற்றைக் கோட்டால் அடிக்கப்பட்டிருந்தது. அதன் கீழே வெள்ளிக்கிழமை எழுதிய வரி. பேனாவைத் திறந்தார்.

"மேல உள்ளதை எழுதும்போது நான் பொய் சொல்லலீங்க" என்றார். "கீழ உள்ளதை எழுதும்போதும் சொல்லலீங்க. எதைங்க சார் அடிக்கிறது?"

கீழே உள்ளதை என்று சொல்லியிருக்க வேண்டும். சான்று எழுதிக் கொடுத்த என் வாய்க்கு அதைச் சொல்லத் துணிவு வரவில்லை. மறுபடியும் நானே ஒருவருக்கு, அவர் என்ன பார்த்தார் என்று சொல்ல வேண்டுமா என்று இருந்தது.

அவர் பேனாவை மூடிச் சட்டைப் பையில் வைத்தார். அதற்குப் பிறகு இருபத்தோர் ஆண்டு அந்தப் பள்ளியில் வேலை பார்த்தார். ஒரு நாள்கூடத் தொலைநோக்கியில் கண் வைக்கவில்லை.